அர்த்தநாரி வாத்தியார் திறக்காத புத்தகம்

அர்த்தநாரி வாத்தியார் புத்தகத்தைப் பார்க்காமலே பாடம் நடத்துவார் என்பதில் வாய்க்கால்பாளையத்துக்காரர்களுக்கு அப்படியொரு பெருமை. பரமத்தி வேலூர்ச் சந்தைக்கு வெற்றிலைக் கட்டோடு போகிறவர்கள் பக்கத்து ஊர்க்காரர்களைச் சீண்டுவதற்கு இதை வைத்திருந்தார்கள். "உங்க வாத்தியாரு ஏட்டுக்குள்ள மூஞ்சியப் பொதைச்சுக்கிட்டுப் படிக்கறாரு. எங்காளு ஏட்ட நெஞ்சுல சாச்சுக்கிட்டு, புள்ளைங்க மூஞ்சியப் பாத்துக்கிட்டே கடைசி எழுத்து வரைக்கும் சொல்லுவாருங்க" என்பார்கள். அதைக் கேட்டு வாத்தியார் சிரித்துக்கொள்வார். அந்தச் சிரிப்புக்குள் இருந்த பயம் யாருக்கும் தெரியாது.

அது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்து மூன்றாம் வருஷம். ஜில்லா போர்டுப் பள்ளிக்கூடம் என்று பேர். இருந்த இடமோ சென்னியப்பக் கவுண்டரின் பழைய வெல்ல ஆலைக் கொட்டகை. கொப்பரை இருந்த குழியை மண் கொட்டி மூடி, சுவருக்குச் சுண்ணாம்பு அடித்துக் கொடுத்திருந்தார். மழை பெய்தால் தரையிலிருந்து இன்னும் வெல்ல வாசம் கிளம்பும். மூன்று வகுப்புக்கும் சேர்த்து முப்பத்து நாலு பிள்ளைகள், ஒரே வாத்தியார். அங்கே படித்தவர்களுக்கு இன்றைக்கும் வெல்லம் காய்கிற வாசம் வந்தால் பெருக்கல் வாய்பாடு ஞாபகம் வருகிறதாம்.

வாத்தியார் கொடிக்கால் கூலிக்காரரின் பிள்ளை. அப்பா வெற்றிலைக் கொடியை அகத்தி மரத்தில் ஏற்றிக் கட்டுவதில் கெட்டிக்காரர். நாற்பத்தைந்து வயதில் அவருக்குக் கண்ணில் பூ விழுந்தது. முதலில் கோணி ஊசியில் சணல் கோக்க முடியவில்லை என்றார். அப்புறம் கொடியின் கணு தெரியவில்லை என்றார். அப்புறம் எதுவும் தெரியவில்லை. கடைசி ஏழு வருஷம் அவரைக் கையைப் பிடித்து வாய்க்கால் கரைக்குக் கூட்டிப் போனவர் அர்த்தநாரிதான். அப்படிக் கூட்டிப் போய்க்கொண்டே எட்டாவது வரை படித்து, அவர் காலத்துக்கு அப்புறம் சேலத்தில் டிரெயினிங் முடித்து, அந்த வம்சத்தில் முதன்முதலாகச் சட்டை போட்டு நாற்காலியில் உட்கார்ந்தார்.

இப்போது அவருக்கு நாற்பத்து நாலு. இரண்டு வருஷமாகப் பக்கத்தில் இருக்கிற எழுத்து கலங்குகிறது. தூரத்தில் ஒன்றும் குறையில்லை. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் புளிய மரத்தில் எந்தப் பையன் உட்கார்ந்திருக்கிறான் என்று இங்கிருந்தே சொல்வார். கையில் இருக்கிற ஏடுதான் தண்ணீர் தெளித்த கோலம் மாதிரி ஆகிவிட்டது. அப்பனுக்கும் இப்படித்தானே ஆரம்பித்தது என்று அவர் முடிவு செய்துகொண்டார். முடிவு செய்துகொண்டதை யாரிடமும் சொல்லவில்லை. கண் போகப் போகிற வாத்தியாரைப் போர்டு எத்தனை நாள் வைத்துக்கொள்ளும்? மனைவி உண்ணாமலையிடம்கூடச் சொல்லவில்லை. முன்பெல்லாம் காலையில் அவளுக்குப் பஞ்சாங்கம் படித்துச் சொல்வார். அதை நிறுத்திவிட்டு, "நல்ல நாளுதான் போ புள்ளே" என்று சொல்லிவிட்டுக் கிளம்ப ஆரம்பித்தார்.

பள்ளிக்கூடத்தில் பிழைத்துக்கொண்டார். பன்னிரண்டு வருஷம் நடத்திய வாசகப் புத்தகம் அத்தனையும் மனப்பாடம். ஆஜர்ப் பட்டியலில் விரலால் வரி எண்ணிக் கோடு போட்டுவிடுவார். எழுதுவதற்குக் கை பழகியிருந்தது. அவர் ஒரு வரி சொல்ல, முப்பத்து நாலு தொண்டையும் அதைத் திருப்பிச் சொல்லும். மயில் படம் போட்ட பக்கம் என்றால் பிள்ளைகள் மயிலைப் பார்த்ததும் கடகடவென்று ஒப்பிப்பார்கள். மயிலைக் கையால் மறைத்துவிட்டால் முழிப்பார்கள். அது அவருக்கு அரைகுறையாகத் தெரிந்துதான் இருந்தது. ஒரு நாள் மாதையன் வந்து தன் கதையைச் சொன்னபோது முழுதாகவே தெரிந்துவிட்டது. மாதையன் அங்கே மூன்று வகுப்பும் படித்து வெளியே போனவன். வேலூரில் நின்ற பஸ்ஸின் நெற்றியில் ஊர்ப் பெயர் எழுதியிருந்தும், அது எங்கே போகிறது என்று பக்கத்தில் இருந்தவனைக் கேட்டிருக்கிறான்.

"ஏண்டா, நீ பள்ளிக்கோடம் போனவன்தானேன்னு சிரிக்கறானுங்க" என்றான் மாதையன். "பஸ்ஸுல மயிலு படம் போட்டிருந்தா டக்குனு சொல்லியிருப்பனுங்க."

வாத்தியாரும் கூடவே சிரித்தார். அன்று மதியம் அவருக்குச் சோறு இறங்கவில்லை.

அந்த வருஷம் ஆனி மாதத்தில் ஒரு சர்க்குலர் வந்தது. பழைய வாசகப் புத்தகம் இனிச் செல்லாது, மூன்றாம் வகுப்புக்குப் புதியது. வேலூர்க் கடையில் வாங்கிய ஆறு பிரதிகள் வந்து சேர்ந்தன. வாத்தியார் ஒன்றைத் திறந்தார். பக்கம் முழுக்கச் சாம்பல் பூசினது போல இருந்தது. வெளிச்சத்துக்குக் கொண்டு போனார். கையை நீட்டிப் பிடித்தார். கை போதவில்லை. பிள்ளைகள் சாப்பிடப் போன நேரத்தில் புத்தகத்தை ஆணியில் நூல் கட்டித் தொங்கவிட்டு, நாலடி தள்ளி நின்று, ஒரு கண்ணை மூடிப் பார்த்தார். தலைப்பு மட்டும் தெரிந்தது. மூன்றாவது வரிக்குள் கண்ணில் நீர் கோத்துக்கொண்டது.

"புதுப் புஸ்தகம் தீவாளி கழிச்சுத் தொறக்கலாம்" என்று பிள்ளைகளிடம் சொல்லிவிட்டார். அதுவரை என்ன செய்வது என்று அவருக்கே தெரியவில்லை.

மறுநாள் ராசாத்தி தாமதமாக வந்தாள். எட்டு வயது, மூன்றாம் வகுப்பு.

"ஏ அம்மிணி, இப்பத்தான் விடிஞ்சுதா உனக்கு?"

"வெத்தலை கிள்ளப் போனனுங்க சார். அம்மாளுக்குக் காய்ச்சலுங்க."

வேறு வேலை இல்லாததால் வாத்தியார் அதையே கரும்பலகையில் எழுதினார். அவர் கண்ணுக்குத் தெரிய வேண்டும் என்பதற்காக ஒவ்வொரு எழுத்தையும் சாண் உயரத்துக்கு எழுதினார். 'ராசாத்தி வெற்றிலை கிள்ளப் போனாள்.' வகுப்பு அமைதியாகிவிட்டது. பன்னிரண்டு வருஷத்தில் அந்தக் கொட்டகை அவ்வளவு அமைதியாக இருந்ததில்லை. ராசாத்தி பலகைக்குக் கிட்டப் போய் முதல் நாலு எழுத்தை விரலால் தொட்டாள்.

"இது நானுங்களா சார்?"

"நீதான்."

"என்னையும் எழுதுங்க சார்" என்றாள் பக்கத்தில் இருந்த பாப்பாயி. "நானும்தான் கிள்ளப் போனேன். நேரத்துல வந்தவளை எழுதறதில்லைங்களா?"

சிரித்துக்கொண்டே பெயரை மட்டும் அழித்துப் 'பாப்பாயி' என்று மாற்றினார். மற்றது அப்படியே இருந்தது. மாறினது எது, மாறாதது எது என்று பிள்ளைகள் தாங்களே கண்டுபிடித்துக் கத்தினார்கள். 'பாப்பாயி'யில் இருக்கிற 'யி' 'தாயி'யிலும் இருக்கிறது என்று காளியப்பன் சொன்னான். அவன் அதுவரை வாய் திறந்து எதுவும் சொன்னதில்லை. கும்பலோடு கோவிந்தா போட்டுக்கொண்டிருந்தவன்.

அப்படி ஆரம்பித்தது. தினமும் காலையில் யாராவது ஒரு சேதி சொல்ல வேண்டும். வாத்தியார் அதைப் பெரிதாக எழுதுவார். பிள்ளைகள் பார்த்து எழுதி, பெயரை மாற்றி, ஊரை மாற்றி, புதிது புதிதாக வாக்கியம் கட்டுவார்கள். பலகை போதாமல் சாணி மெழுகிய தரைக்குப் போனார்கள். தரையும் போதாமல் அடுப்புக்கரியோடு சுவருக்குப் போனார்கள். எழுதினவர் வாசிக்கக் கூடாது, இன்னொருத்தர்தான் வாசிக்க வேண்டும் என்று வாத்தியார் ஒரு சட்டம் வைத்தார். "வாயில வர்றதச் சொல்லாத. எழுத்தப் பாத்து, இருக்கறதச் சொல்லு" என்பது இன்னொரு சட்டம். பழைய கூட்டுச் சத்தம் போய்விட்டது. வெளியே போகிறவர்களுக்குப் பள்ளிக்கூடம் நடக்கிறதா என்றே சந்தேகம் வந்தது.

அந்தச் சந்தேகத்தோடு ஒரு நாள் உள்ளே வந்தவர் சென்னியப்பக் கவுண்டர். சுவரைப் பார்த்துத் திகைத்துப் போனார்.

"ஏனுங்க வாத்தியாரே, சுண்ணாம்பு அடிச்சுக் குடுத்தது கரி பூசறதுக்குங்களா?" என்றவர், ஓர் இடத்தில் உற்றுப் பார்த்தார். அவருக்குக் கையெழுத்துப் போட மட்டும் தெரியும். தன் பெயர் மாதிரி ஒன்று அங்கே இருந்தது. "இங்க என்னமோ நம்ம பேரு இருக்குதே. என்ன சாமி அது?"

பாப்பாயி எழுந்து நின்று விரல் வைத்து வாசித்தாள். "சென்னியப்பக் கவுண்டர் தோட்டத்தில் இரண்டு நாய் இருக்கிறது. ஒன்று கடிக்கும்."

கவுண்டர் சுவருக்குக் கிட்டப் போய்க் குனிந்து பார்த்தார். "எது கடிக்குமுன்னு எழுதலையா?"

"சொவத்துல எடமில்லீங்க."

கவுண்டருக்குச் சிரிப்பு வந்ததை மீசைக்குள் அடக்கிக்கொண்டார். ஆனாலும் போகும்போது ஒரு வார்த்தை சொன்னார். "புதுப் பொஸ்தகம் வாங்கி நாலு மாசம் ஆச்சு. புள்ளைங்க அட்டையக்கூடத் தொறக்கலைங்கறாங்க. என்ற ஊட்டுப் பையன் பொஸ்தகத்துல பசை மணம்கூடப் போகலை. போர்டுல இருந்து ஆளு வந்தா நான் இருக்கறதத்தான் சொல்லுவேன், கோவிச்சுக்காதீங்க." அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. புத்தகம் திறக்காத பள்ளிக்கூடத்தை எந்த ஊரில் பார்த்திருக்கிறார்?

கார்த்திகை மாதம் இன்ஸ்பெக்டர் வந்தார். ஆத்தூர்ப் பக்கத்துக்காரர், அருணகிரி என்று பெயர். ஒல்லியான உடம்பு, தொங்கு மீசை. வண்டியை விட்டு இறங்குவதற்கு முன்பே கவுண்டர் விஷயத்தைச் சொல்லிவிட்டார். இன்ஸ்பெக்டர் சுவரைப் பார்த்தார், தரையைப் பார்த்தார், நாற்காலியில் உட்கார்ந்தார். மூக்குக்கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, ஒரு புதுப் புத்தகத்தை வாங்கி, ஒட்டிக் கிடந்த பக்கங்களைக் கட்டை விரலால் பிரித்தார்.

"ஒன்பதாம் பாடம். யார் வாசிக்கிறது?"

பாப்பாயி எழுந்தாள். அது மலையிலிருந்து இறங்கி வருகிற ஓர் ஆற்றைப் பற்றிய பாடம். அவள் மெதுவாக, தடுக்கித் தடுக்கி, சில இடத்தில் நின்று பின்னால் போய், மறுபடி கூட்டி வாசித்தாள். நடுவில் ஒரு வரியை விரல் தாண்டிவிட்டது. அவளுக்கு அது தெரியவில்லை. பாடம் முடிந்ததும், "ஆறு வழியில எத்தனை ஊரைத் தொடுது?" என்று இன்ஸ்பெக்டர் கேட்டார். "மூணுங்க" என்றாள். "யாராச்சும் உனக்கு இதை முன்னாடி சொல்லிக் குடுத்தாங்களா?" "இல்லீங்க. தீவாளி கழிச்சுங்கன்னு சார் சொன்னாருங்க."

கார்த்திகையிலும் தீபாவளி கழியாத பள்ளிக்கூடத்தை நினைத்து இன்ஸ்பெக்டர் மீசையைத் தடவிக்கொண்டார். இன்னும் இரண்டு பேரை வேறு வேறு பக்கத்தில் வாசிக்க வைத்தார். காளியப்பன்கூட ஒரு பத்தி வாசித்துவிட்டான். அதற்கப்புறம் புத்தகத்தை வாத்தியாரிடம் நீட்டினார்.

"இப்ப நீங்க ஒன்பதாம் பாடத்தை மாதிரி வாசிப்பு வாசிச்சுக் காட்டுங்க."

வாசிப்புப் பாடத்தில் முதலில் வாத்தியார் வாசித்துக் காட்ட வேண்டும் என்பது டிரெயினிங்கில் சொல்லிக் கொடுத்த முறை. மறுக்க முடியாது. அர்த்தநாரி வாத்தியார் புத்தகத்தை வாங்கினார். சாம்பல். ஆனால் பாப்பாயி வாசித்தது காதில் அப்படியே இருந்தது. ஒரு தடவை கேட்டால் போதும், பன்னிரண்டு வருஷப் பழக்கம். புத்தகத்தை நெஞ்சில் சாய்த்துக்கொண்டு, ஏற்ற இறக்கத்தோடு கணீரென்று ஆரம்பித்தார். ஆறு மலையை விட்டு இறங்கியது, காட்டுக்குள் நுழைந்தது, முதல் ஊரைத் தொட்டது. கவுண்டர் வாசலில் நின்று தலையாட்டிக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"சார்" என்றாள் ராசாத்தி. இன்னொரு பிரதியை மடியில் வைத்து வரிக்கு வரி விரல் வைத்துக்கொண்டிருந்தவள். "ஒரு வரிய உட்டுட்டீங்க."

வாத்தியார் நிறுத்தினார்.

"பாலத்து வரிங்க. இங்க இருக்குது பாருங்க. பாப்பாயியும் இதத்தான் உட்டா." கொஞ்சம் தயங்கினாள். வகுப்பில் யார் தப்பு விட்டாலும் சொல்ல வேண்டியதை அவரிடமும் சொன்னாள். "எழுத்தப் பாத்துச் சொல்லுங்க சார்."

யாரும் சிரிக்கவில்லை. இன்ஸ்பெக்டர் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து வாத்தியார் கையையே பார்த்தார். வாத்தியார் புத்தகத்தை நெஞ்சிலிருந்து இறக்கினார். இரண்டு வருஷம் மூடி வைத்த ஒன்றைத் தான் கற்றுக்கொடுத்த பிள்ளையே திறந்துவிட்டது. அதற்குமேல் ஒளிக்க அவருக்குத் தெம்பில்லை.

"கண்ணு தெரியலீங்க" என்றார். "பக்கத்துல வெச்சா எழுத்துக் கலங்குதுங்க. ரண்டு வருசமாச்சு. அதனாலதான் பொஸ்தகம் தொறக்கலை. அதனாலதான் சொவத்துல பெருசு பெருசா எழுதினது. எங்கப்பனுக்கும் இப்படித்தானுங்க ஆரம்பிச்சுது. கடைசில கையப் புடிச்சுத்தான் கூட்டிட்டுப் போனேன்."

"வயசு என்ன?"

"நாப்பத்தி நாலுங்க."

"அந்தப் புளிய மரத்துல என்ன தெரியுது?"

"ரண்டு கொக்கு உக்காந்திருக்குதுங்க. ஒண்ணு எறக்கையக் கோதுது."

இன்ஸ்பெக்டர் கொக்கைத் தேடிப் பார்த்தார். அவருக்கு மரம்தான் தெரிந்தது. லாக்புக்கைக் கொண்டு வரச் சொன்னார். ஒவ்வொரு விஜயத்திலும் இன்ஸ்பெக்டர் தன் குறிப்பை எழுதிவிட்டுப் போகிற தடித்த நோட்டு அது; ஒருத்தரை வேலையில் வைப்பதும் வீட்டுக்கு அனுப்புவதும் அதில் எழுதுவதைப் பொறுத்தது. முக்கால் பக்கம் எழுதினார். மை காய்கிறவரை காத்திருந்து மூடினார்.

"ஐயா, என்னுங்க எழுதியிருக்கறீங்க?" என்று கேட்டார் வாத்தியார்.

"வாயால சொன்னா கேட்டதை மறுபடியும் ஒப்பிச்சுடுவீங்க" என்றார் அருணகிரி. அவர் முகத்தில் கோபமா கேலியா என்று புரியவில்லை. "எழுதி வச்சிருக்கேன். உங்க பிள்ளைங்களை வாசிக்கச் சொல்லிக் கேட்டுக்குங்க." வண்டி பரமத்தி ரோட்டில் ஏறிப் போய்விட்டது.

கொட்டகைக்குள் இரண்டு பெரிய ஆட்கள் நின்றார்கள். ஒருத்தருக்கு வாசிக்கத் தெரியாது, இன்னொருத்தருக்கு எழுத்துத் தெரியவில்லை. கவுண்டர்தான் முதலில் பேசினார். "நான் சொன்னதாலதான் இப்படி ஆயிருச்சோன்னு இருக்குதுங்க. கண்ணு விசயம் எனக்குத் தெரியாதுங்க வாத்தியாரே." வாத்தியார் லாக்புக்கை ராசாத்தியிடம் கொடுத்தார். அவள் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, நோட்டை விரித்து, விரலை வைத்தாள். இன்ஸ்பெக்டர் கையெழுத்து கோழி கிளறின மாதிரி இருந்தது. எழுத்துக்கு எழுத்து நின்று நின்று வந்தாள்.

"மூன்... றாம் வகுப்புப் பிள்... ளைகள்... முன்பின் பாராத பாட... த்தைத் தாமே வாசிக்... கிறார்கள். இந்தத் தாலு... காவில் வேறெங்கும் இதை நான் காண... வில்லை. புதுப் புத்... தகம் திறக்கப்... படவில்லை. இது குற்... றம்."

"குத்தம்னு எழுதியிருக்குதா?" என்றார் கவுண்டர்.

"இருங்க, முடியலீங்க." விரல் அடுத்த வரிக்கு இறங்கியது. "இரண்டு கரும்... பலகை அனுப்பும்படி போர்... டுக்கு எழுதுகிறேன். ஆசிரி... யருக்குக் கண்..."

அங்கே நின்றுவிட்டாள். அடுத்த சொல் பிடிபடவில்லை. பாப்பாயியும் காளியப்பனும் தலையை நீட்டினார்கள். மூன்று தலையும் நோட்டை மறைத்தன. வாத்தியார் சுவரில் சாய்ந்தார், முதுகெல்லாம் கரி.

"கெட்... டுப் போக... வில்லை" என்றாள் ராசாத்தி. "ஆசிரியருக்குக் கண் கெட்டுப் போகவில்லை. இது நாற்பது கடந்த எல்... லோருக்கும் வரும் வெள்... ளெழுத்து. எனக்கும் உண்டு. சேலம் சென்று மூக்குக்... கண்ணாடி வாங்கிக்கொள்ள மூன்று நாள் லீவு அளிக்... கப்படுகிறது." நிமிர்ந்தாள். "அவ்வளவுதானுங்க. கீழ கையெழுத்து இருக்குதுங்க. அது வாசிக்க வரலை."

கண்ணாடி மார்கழிக்குள் வந்துவிட்டது. காதில் கம்பி மாட்டி, மூக்கில் தழும்பு விழ, ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்தைந்தில் ஓய்வு பெறுகிறவரை போட்டிருந்தார். கண்ணாடி வந்ததும் புத்தகத்தை வைத்துப் பழையபடி கணீரென்று நடத்தியிருக்கலாம். நாலு நாள் நடத்தியும் பார்த்தார். பிள்ளைகள் எழுத்தை விட்டு அவர் வாயைப் பார்க்க ஆரம்பித்ததும், போர்டு அனுப்பிய புதுப் பலகைகளுக்கே திரும்பிவிட்டார். அதற்கப்புறம் அவரிடம் படித்து வெளியே போன யாரும் பஸ்ஸின் நெற்றியைப் பார்த்துவிட்டு இன்னொருத்தரைக் கேட்டதாகத் தகவல் இல்லை.

ஆனால் ராசாத்தி லாக்புக்கை வாசித்து முடித்த அன்றைக்கு அந்தக் கொட்டகையில் அவர் செய்த முதல் காரியம், காளியப்பனை வீட்டுக்கு ஓடி உண்ணாமலையைக் கூட்டி வரச் சொன்னதுதான். அவள் ராகி மாவுக் கையோடு ஓடி வந்தாள். வழியில் என்ன நினைத்துக்கொண்டு வந்தாளோ, சுவரில் சாய்ந்து நிற்கிற புருஷனைப் பார்த்ததும் வாசலிலேயே நின்றுவிட்டாள்.

"என்னுங்க ஆச்சு?"

"கேளு" என்றார் வாத்தியார். "ராசாத்தி, கண்ணுன்னு வந்துச்சே, அந்த வரிய வாசி."

ராசாத்தி வாசித்தாள். உண்ணாமலை முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். கவுண்டர் வெளியே மாட்டைப் பார்ப்பது போலத் திரும்பிக்கொண்டார்.

"பஞ்சாங்கத்தத் தொறக்காமயே நல்ல நாளுன்னு சொன்னீங்களே, அன்னைக்கே எனக்குத் தெரியுமுங்க" என்றாள். "மாமனாட்டம் ஆயிருமோன்னு வாயத் தொறந்து கேக்கப் பயந்துக்கிட்டுக் கெடந்தேன். நானும் கேக்கலை, நீங்களும் சொல்லலை."

அவள் மாவுக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு ராசாத்திக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். தனக்கு ஓர் எழுத்தும் தெரியாத அந்தப் பக்கத்தைக் குனிந்து பார்த்தாள்.

"எங்க இருக்குது சாமி அது? வெரல வெச்சுக் காட்டு. காட்டிட்டு, இன்னொருக்கா மெதுவா வாசி."